பட்டா இல்லாதவர்களின் தண்ணீர்

1

சென்ற மாதம் தேனியில் ஒரு மாடி அறையில் நாங்கள் பன்னிரண்டு பேர் கூடினோம். (இந்தப் பத்திரிகையின் தேனி மாவட்டச் சந்தாதாரர்கள் அநேகமாக முழுப்பேரும் வந்துவிட்டார்கள் என்று சொல்லலாம்.) நண்பர் ஒருவர் முல்லையாற்றைப் பற்றி ஒன்பது கவிதைகள் வாசித்தார். ஆறு அவற்றில் தாயாக வந்தது, பெண்ணுடலாக வந்தது, காலமாக வந்தது, கடைசிக் கவிதையில் மொழியாகவும் வந்தது. தண்ணீராக மட்டும் ஓரிடத்திலும் வரவில்லை. என் முறை வந்தபோது நான் கெயில் ஓம்வெட்டைப் பற்றிப் பேசினேன். கம்பம் பள்ளத்தாக்கில் உட்கார்ந்துகொண்டு ஆற்றை எழுதுகிறவர்கள், தண்ணீர் யாருடையது என்று அவர் கேட்ட கேள்வியை ஒருமுறையாவது சந்தித்தாக வேண்டும் என்றேன்.

மூன்று பதில்கள் வந்தன. கவிதை வாசித்த நண்பர் சொன்னது: "அந்த அம்மாள் சோஷியாலஜிஸ்ட். அவருக்கும் நமக்கும் என்னய்யா?" இரண்டாமவர்: "அமெரிக்காவிலிருந்து வந்து நம்ம சாதியை நமக்குச் சொல்லித் தரணுமாக்கும்." மூன்றாமவர் படித்தவர், சுற்றுச்சூழல் விஷயங்களில் அக்கறையுள்ளவர்: "பெரிய அணைக்கட்டுக்கு வக்காலத்து வாங்கினவர். உலகமயத்தை ஆதரிச்சவர். அவரையா நீங்க கொண்டாடறீங்க?" பிறகு டீ வந்தது. விவாதம் முடிந்தது.

நண்பர்கள் பெயரை இங்கே எழுதவில்லை. அடுத்த மாதமும் அவர்கள் முகத்தில் விழிக்க வேண்டும். மேலும், இந்த மூன்று பதில்களும் அவர்களுடைய சொந்தச் சரக்கும் இல்லை. சிறுபத்திரிகை உலகம் ஐம்பது வருஷமாகக் கைமாற்றிக் கைமாற்றி வைத்திருக்கும் சரக்கு. நானும் அதில் பங்குதாரன்தான். ஆங்கில இலக்கியத்தில் பி.ஏ. படித்துவிட்டு பாங்கில் குமாஸ்தாவாக உட்கார்ந்து, மாலை ஆறு மணிக்கு மேல் விமர்சகனாக மாறுகிறவன், "இது சமூகவியல், இலக்கியம் இல்லை" என்று எத்தனை புஸ்தகங்களைத் தள்ளி வைத்திருக்கிறேன் என்பது எனக்குத்தான் தெரியும். ஆகவே இந்தக் கட்டுரையின் ஏச்சில் ஒரு பகுதி எனக்கும் சேர்ந்தது.

2

ஓம்வெட் 1941ல் மினியாபோலிஸ் நகரத்தில் பிறந்தார். கலிஃபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படித்தார். வியட்நாம் யுத்தத்தை எதிர்த்து மாணவர்கள் தெருவுக்கு வந்த காலம் அது. ஆய்வுக்கு அவர் எடுத்துக்கொண்ட விஷயம் மேற்கிந்தியாவின் பிராமணரல்லாதார் இயக்கம். ஜோதிராவ் புலே 1873ல் சத்திய சோதக் சமாஜத்தைத் தொடங்கினார். சரியாக நூறு வருஷம் கழித்து, 1973ல், ஓம்வெட் தம் ஆய்வேட்டை முடித்தார். 1976ல் அது பம்பாயில் புஸ்தகமாக வெளிவந்தது.

அந்தப் புஸ்தகத்தின் வாதத்தை இன்று வாசிக்கிறவர்களுக்கு அது சாதாரணமாகத் தெரியலாம். எழுபதுகளில் அப்படித் தெரியவில்லை. பிராமணரல்லாதார் இயக்கம் என்றால் வெள்ளைக்காரன் தூண்டிவிட்டது, உத்தியோகத்துக்காக நடந்தது, தேசிய இயக்கத்துக்குக் குறுக்கே விழுந்தது என்பது காங்கிரஸ்காரரும் கம்யூனிஸ்டும் ஒன்றுபோலச் சொன்ன பாடம். சாதி வெறும் மேற்கட்டுமானம். அடித்தளம் மாறினால் தானே உதிர்ந்துவிடும் என்பது அன்றைய மார்க்ஸியர்களின் பொது நம்பிக்கை. தம்மை மார்க்ஸியவாதியாகக் கருதிக்கொண்டே ஓம்வெட் இதை மறுத்தார். புலேயும் அவர் பின்னால் வந்தவர்களும் நடத்தியது ஒரு கலாசாரப் புரட்சி என்றார். யார் உழைப்பது, யார் படிப்பது, யார் சாமிக்கும் மனிதனுக்கும் நடுவில் நிற்பது என்ற ஏற்பாட்டையே அவர்கள் கேள்வி கேட்டார்கள் என்று காட்டினார்.

ஆய்வேடு முடிந்ததும் பேராசிரியராக ஊர் திரும்பியிருக்கலாம். திரும்பவில்லை. பாரத் பாடங்கரை மணந்துகொண்டு சாங்லி மாவட்டத்தில் காசேகாவ் என்ற கிராமத்தில் கணவர் வீட்டில் குடியேறினார். மாமியார் இந்துமதி பாடங்கர் சுதந்திரப் போராட்டத்தில் இருந்தவர். 1983ல் ஓம்வெட் இந்தியக் குடியுரிமை பெற்றார். 1980ல் உருவான சிரமிக் முக்தி தளம் என்ற அமைப்பில் பாடங்கரோடு வேலை செய்தார். தேர்தலில் நின்று ஓட்டுக் கேட்கிற கட்சி இல்லை அது. அணைக்காக ஊரை இழந்தவர்கள், வறட்சிப் பிரதேசத்து விவசாயிகள், கூலிகள் ஆகியோரைத் திரட்டுகிற அமைப்பு. புருஷனால் கைவிடப்பட்ட பெண்களைத் திரட்டிய பெண்கள் இயக்கத்திலும் ஓம்வெட் இருந்தார். 2021 ஆகஸ்ட் 25ல், எண்பதாவது வயதில், அதே காசேகாவில் இறந்தார்.

3

இப்போது நண்பர்களுடைய முதல் பதிலுக்கு வருகிறேன்: சோஷியாலஜிஸ்டுக்கும் நமக்கும் என்ன?

2008ல் ஓம்வெட் பேகம்புராவைத் தேடி ஒரு புஸ்தகம் எழுதினார். பேகம்புரா என்பது ரவிதாஸ் என்ற செம்மார் சாதிக் கவி பாடிய, துக்கமில்லாத ஊர். அந்தக் கவியின் கற்பனையிலிருந்து புறப்பட்டு துக்காராம், புலே, பண்டித ரமாபாய், அம்பேத்கர் என்று போகிற அந்தப் புஸ்தகத்தில் நம்முடைய இரண்டு பேர் இருக்கிறார்கள்: அயோத்திதாசர், பெரியார். துக்காராமின் அபங்கங்களைப் பாடங்கரோடு சேர்ந்து ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தும் இருக்கிறார். அதாவது ஒரு சமூகவியல்காரர் கவிதையைச் சிந்தனையாக எடுத்துக்கொண்டு வாசித்திருக்கிறார். ஒரு கவி கண்ட ஊரை, மனிதர்கள் நிஜமாகக் கட்ட முயன்ற ஊராகப் பின்தொடர்ந்திருக்கிறார். கவிதைக்கு இதைவிடப் பெரிய மரியாதையை நம் விமர்சகர்களில் எத்தனை பேர் செய்தார்கள்? நாம் படிமத்தின் செறிவை அளந்துகொண்டிருந்தோம்.

இதில் நமக்கொரு பழைய கணக்கு இருக்கிறது. அதையும் சொல்லிவிடுவது நல்லது. சிறுபத்திரிகைகள் திராவிட இயக்கத்து எழுத்தை நிராகரித்தன. அடுக்குமொழி, மேடை முழக்கம், மிகையுணர்ச்சி: நிராகரித்ததற்குக் காரணங்கள் இருந்தன, பெரும்பாலும் சரியான காரணங்கள். ஆனால் மோசமான நடையை நிராகரித்த கையோடு, அந்த நடைக்குப் பின்னாலிருந்த கேள்வியையும் சேர்த்து வாசலுக்கு வெளியே கொட்டிவிட்டோம். "இவர்களுக்கு எழுதத் தெரியவில்லை" என்பது எப்படியோ "இவர்கள் கேட்பதற்கு அர்த்தமில்லை" என்று ஆகிவிட்டது. மராத்தியில் ஓம்வெட் வாசித்த சத்திய சோதக்காரர்களின் பிரசுரங்களிலும் இலக்கிய நயம் வழிந்துகொண்டிருந்திருக்காது. அவர் நயத்தைத் தேடிப் போகவில்லை. என்ன சொல்கிறார்கள் என்று கேட்கப் போனார். அந்தக் காது நமக்கு இருந்ததில்லை. தொண்ணூறுகளில் தலித் எழுத்து வந்தபோது பதறிப்போய் ஒதுங்கி நின்றவர்களின் பதற்றத்துக்கு வேர் இங்கேதான் இருக்கிறது.

இரண்டாவது பதில்: அமெரிக்காவிலிருந்து வந்தவர். இதைச் சொன்ன நண்பர் லூயி த்யூமோனின் பெயரைச் சொல்லாமல் சாதியைப் பற்றி ஒரு பாரா எழுத மாட்டார் என்பது அவருடைய வாசகர்களுக்குத் தெரியும். த்யூமோன் பிரெஞ்சுக்காரர். நம் பள்ளத்தாக்குக்குப் பக்கத்திலேயே, பிரமலைக் கள்ளர் நாட்டில், 1949-50 வாக்கில் வந்து தங்கி ஆய்வு செய்தவர். அந்த ஆய்வு 1957ல் பிரெஞ்சில் புஸ்தகமாயிற்று. உறவுமுறை, பங்காளி, மாமன் மைத்துனன், கோயில் என்று அவர் காட்டிய நுணுக்கத்தை யாரும் குறைசொல்ல முடியாது. ஆனால் அவரை உலகப் பிரசித்தமாக்கியது 1966ல் வந்த 'ஹோமோ ஹைரார்க்கிகஸ்'. சாதியின் சாரம் சுத்தம்-தீட்டு என்ற எதிர்நிலை. அதிகாரம் அந்தஸ்துக்குக் கீழ்ப்பட்டது என்பது அதன் சித்தாந்தம்.

இந்தச் சித்தாந்தத்தை உசிலம்பட்டிப் பக்கம் கொண்டுவந்து வைத்துப் பாருங்கள். குற்றப் பரம்பரைச் சட்டத்தின் கீழ் ஒரு சாதி முழுவதும் கைரேகை வைத்தது. ரேகை வைக்க மறுத்த பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3ந் தேதி போலீஸ் சுட்டது. ஒரு பெண் உட்படப் பல பேர் செத்தார்கள். அந்தச் சட்டம் சென்னை மாகாணத்தில் 1947ல்தான் ஒழிந்தது. இரண்டு வருஷம் கழித்து த்யூமோன் வருகிறார். ரேகை மை இன்னும் சரியாகக் காயாத விரல்கள். அதிகாரத்தை இரண்டாம் இடத்துக்குத் தள்ளுகிற ஒரு சித்தாந்தத்தில் அந்த விரல்களை எங்கே வைப்பது? அதே சாதி நிலமும் எண்ணிக்கையும் சேர்ந்த இடங்களில் தலித்துகள் மேல் செலுத்தும் அதிகாரத்தை எங்கே வைப்பது? 1989ல் போடி பற்றி எரிந்ததைச் சுத்தம்-தீட்டு என்ற இரண்டு சொல்லுக்குள் அடக்கிவிட முடியுமா?

ஆக, அந்நியர் என்பது பிரச்சினை இல்லை, த்யூமோனும் அந்நியர்தான். ஓம்வெட் தாம் எழுதியதற்குத் தாம் எழுதியவர்களிடமே பதில் சொல்ல வேண்டிய இடத்தில் தம்மை வைத்துக்கொண்டார். எழுதிய மறுநாள் அதே கிராமத்தில் அதே மனிதர்கள் முகத்தில் விழித்தார். நண்பருக்கு உறுத்துவது இதுதான் என்று நினைக்கிறேன். வந்து பார்த்துவிட்டுப் போகிற அந்நியரை நமக்குப் பிடிக்கும். தங்கிவிடுகிற அந்நியர், "நீயும் இங்கேதானே இருக்கிறாய், நீ என்ன செய்தாய்?" என்று கேட்காமல் கேட்கிறார்.

4

இனித் தண்ணீர்.

1982ல் பம்பாய்ப் பஞ்சாலைத் தொழிலாளர்கள் இரண்டரை லட்சம் பேர் வேலை நிறுத்தம் செய்தார்கள். அது நீண்டுகொண்டே போய் நசித்தபோது பல பேர் சொந்த ஊருக்குத் திரும்பினார்கள். சாங்லி மாவட்டத்தின் வறண்ட தாலுகாக்களுக்குத் திரும்பியவர்கள் கண்டது வற்றிப்போன ஏரளா ஆறு, ஆற்றில் மணல் அள்ளும் கான்டிராக்டர்கள். இவர்களும் ஊர்க்காரர்களும் பாடங்கரும் சேர்ந்து முக்தி சங்கர்ஷ் என்ற இயக்கம் நடத்தினார்கள். கான்டிராக்டர் மணல் அள்ளக்கூடாது. ஊர்க்காரர்களே கொஞ்சம் மணலை விற்று, அந்தக் காசில் ஆற்றின் குறுக்கே அணை கட்டிக்கொள்வார்கள் என்று கோரி, சர்க்காரோடு மல்லாடி, எண்பதுகளின் கடைசியில் கட்டியும் முடித்தார்கள். பலிராஜா அணை என்று பெயர் வைத்தார்கள். வாமனன் மண்ணுக்குள் அழுத்திய மகாபலியைத்தான் புலே உழவர்களின் ராஜாவாகத் திருப்பி எடுத்தார். (குமுளி தாண்டினால் இதே பலிக்கு வருஷா வருஷம் பூக்கோலம் போடுகிறார்கள். புராணம் எல்லையைத் தாண்டுகிறது, தண்ணீருக்குத்தான் வழக்கு.)

அணை சின்னது. அதிலிருந்த ஏற்பாடு பெரியது. அந்தத் தண்ணீரில் ஊரின் ஒவ்வொரு குடும்பத்துக்கும் பங்கு. நிலமில்லாத குடும்பத்துக்கும் பங்கு. இதற்கு முன்பே எழுபதுகளில் புனே மாவட்டத்தில் விலாஸ்ராவ் சாளுங்கே தொடங்கிய பாணி பஞ்சாயத்திலும் தண்ணீர் பங்கிடப்பட்டது ஏக்கர் கணக்கில் இல்லை, தலைக் கணக்கில். நிலமே இல்லாதவனுக்குத் தண்ணீர் எதற்கு என்று சிரிக்கலாம். நிலமுள்ளவனிடம் தண்ணீர் குறைவு. நிலமில்லாதவன் கையில் தண்ணீர்ப் பங்கு இருக்கிறது. இப்போது இரண்டு பேரும் உட்கார்ந்து பேசவேண்டும். கூலிக்கு வந்து நின்றவன் பங்காளியாக வந்து உட்காருகிறான். நிலத்திலிருந்து தண்ணீரைப் பிரித்தெடுத்தால் சாதியின் ஒரு முடிச்சு தளர்கிறது. ஓம்வெட்டும் பாடங்கரும் வருஷக்கணக்கில் எழுதியும் நடந்தும் சொன்னது இதைத்தான். சூத்திரம் போலச் சொன்னால் ஒரு வரி. நம் பள்ளத்தாக்கில் அந்த வரியைச் சொல்லிப் பாருங்கள், தெரியும்.

5

நம் பள்ளத்தாக்கின் பச்சைக்கு மூலம் ஒரு குத்தகைப் பத்திரம். 1886 அக்டோபர் 29ந் தேதி திருவிதாங்கூருக்கும் சென்னை சர்க்காருக்கும் எழுதியானது. 8,000 ஏக்கர், ஏக்கருக்கு வருஷம் 5 ரூபாய், காலம் 999 வருஷம். மேற்கே கடலுக்குப் போய்க்கொண்டிருந்த ஆற்றை மலையைக் குடைந்து கிழக்கே திருப்பினார்கள். 1895ல் தண்ணீர் வந்தது. காட்டிலே காய்ச்சலிலும் காலராவிலும் செத்த கூலிகளின் பெயர்களை நாம் கேட்டதில்லை. கட்டிய என்ஜினீயர் பென்னிகுவிக்கின் பெயரைப் பிள்ளைகளுக்கு வைத்திருக்கிறோம். ஜனவரி 15, அவர் பிறந்த நாள், பாலார்பட்டியில் அவர் படத்துக்கு முன்னால் பொங்கல் வைக்கிறார்கள். லோயர் கேம்பில் 2013ல் மணிமண்டபம் திறந்தார்கள். தேனி பஸ் நிலையத்துக்கு அவர் பெயர். நன்றி என்பது நல்ல குணம், நான் பரிகாசம் பண்ணவில்லை. என் தாத்தாவுக்கு உத்தமபாளையம் பக்கம் ஒன்றேகால் ஏக்கர் வயல் இருந்தது. நான் பி.ஏ. படித்தது அந்த வயலின் நெல்லில். அணை இல்லாவிட்டால் இந்தக் கட்டுரை இல்லை.

ஜூன் முதல் தேதி, அணையில் தண்ணீர் இருந்தால், தேக்கடி மதகைத் திறந்து பூத்தூவுவார்கள். கம்பம் பள்ளத்தாக்கில் இருபோகச் சாகுபடிக்கு 14,707 ஏக்கர் என்று மறுநாள் பத்திரிகையில் வரும். வருஷா வருஷம் வாசித்து வாசித்து எனக்கு மனப்பாடமான எண் இது. இந்த எண் ஏக்கரைச் சொல்கிறது. மனிதரைச் சொல்வதில்லை. தண்ணீர் ஆயக்கட்டுக்கு உரியது, ஆயக்கட்டு பட்டாவுக்கு உரியது, பட்டா ஒரு பெயருக்கு உரியது. அந்தப் பெயரில்லாதவர்களுக்கு மலையைக் குடைந்து வந்த தண்ணீரில் என்ன பங்கு? குடிதண்ணீர் எல்லாருக்கும் போகிறதே என்பார்கள். போகிறது. குடிக்க உரிமை உண்டு, விளைவிக்க உரிமை இல்லை.

எங்கள் வயலுக்குத் தண்ணீர் பாய்ச்சியவர் ஒரு நீர்பாய்ச்சி. சேரிக்காரர். எந்த வயலுக்கு எத்தனை நாழிகை, எந்த மடையை எப்போது அடைப்பது என்பதெல்லாம் அவர் தலைக்குள் இருந்தது. ராத்திரி இரண்டு மணிக்கு மண்வெட்டியோடு வரப்பில் நிற்பார். அறுவடைக்கு அறுவடை நெல் அளப்பார்கள். அத்தனை வயலுக்கும் தண்ணீரைப் பங்கு வைத்தவருக்கு அந்தத் தண்ணீரில் ஒரு பங்கு கிடையாது. சிறுவயதில் எனக்கு இது விசித்திரமாகப் படவே இல்லை. ஓம்வெட்டை வாசித்த பிறகுதான் விசித்திரமாகப் பட்டது. ஆற்றைப் பற்றி நான் வாசித்த நூற்றுக்கணக்கான கவிதைகள் எதுவும் இந்த உதவியை எனக்குச் செய்யவில்லை.

தண்ணீர் பள்ளத்தை நோக்கிப் போகும், அதனால் ஆற்றோரத்து வயலுக்குத்தான் பாயும், அது இயற்கை என்று ஒரு வாதம் உண்டு. ஆற்றோரம் இரண்டு சென்ட் வாங்கிக் கிணறு வெட்டி, மோட்டார் வைத்து, மைல் கணக்கில் குழாய் பதித்து மேட்டுத் தோட்டங்களுக்குத் தண்ணீர் கொண்டுபோவதை இந்தப் பள்ளத்தாக்கில் எல்லாரும் பார்த்திருக்கிறோம். பணம் இருந்தால் தண்ணீர் மேட்டுக்கு ஏறுகிறது. சேரிக்கு ஏறுவதற்கு மட்டும் இயற்கை குறுக்கே நிற்கிறது.

என் கவுன்டருக்கு ஒரு அம்மாள் வந்தார். இரண்டு வருஷம் இருக்கும். அரை ஏக்கர் வயலைக் குத்தகைக்கு எடுத்திருந்தார், வாய்ப்பேச்சுக் குத்தகை.

"சார், தண்ணி தொறந்துட்டாக. நாத்து விடணும். பயிர்க்கடன் தருவீகளாமே."

"சிட்டா, அடங்கல் யார் பேர்லம்மா இருக்கு?"

"அது காட்டுக்காரக பேர்ல இருக்கு. பாடுபடுறது நாந்தான்."

குத்தகைதாரர் பெயரைப் பதிவு செய்ய 1969லேயே இங்கே சட்டம் உண்டு. பதிவு செய்யக் கேட்டால் மறுபோகத்துக்கு வயல் கிடைக்காது என்பது அந்தச் சட்டம் எழுதியவர்களைவிட அந்த அம்மாளுக்கு நன்றாகத் தெரியும். நிலமில்லாதவர்கள் குழுவாகச் சேர்ந்து கடன் வாங்க வழியிருப்பதும் எனக்குத் தெரியும். விவசாய அதிகாரியைப் பாருங்கள் என்றாவது சொல்லியிருக்கலாம். கூட்டம் நின்றது; மணி ஒன்றரை; "பேப்பர் இல்லாம முடியாதும்மா" என்று சொல்லி அடுத்த டோக்கனைக் கூப்பிட்டேன். அவர் பக்கத்துக் கவுன்டருக்குப் போய்க் காதிலிருந்ததைக் கழற்றிவைத்தார். நிலத்துக்குப் பேப்பர் காட்டுகிறவர்களுக்கு விவசாய நகைக்கடன். இவருக்குப் பொது நகைக்கடன், வட்டி கூடுதல். அதே நாற்று, அதே வயல், அதே தண்ணீர்.

999 வருஷத்துக்கு ஒரு ஆற்றைக் குத்தகைக்கு எழுதிக் கொடுக்கப் பத்திரம் கிடைத்தது. அரை ஏக்கருக்கு, ஒரு போகத்துக்கு, அந்த அம்மாளுக்கு ஒரு துண்டுக் காகிதம் கிடைக்கவில்லை. திருப்பி அனுப்பியவன் நான்தான். அன்று சாயந்திரம் வீட்டுக்கு வந்து நான் ஒரு கவிதைத் தொகுதிக்கு மதிப்புரை எழுதினேன். "நிலம் பற்றிய ஆழ்ந்த பிரக்ஞை" என்று அதில் ஒரு வாக்கியம் இருக்கிறது. பழைய இதழைப் புரட்டிப் பார்க்கலாம்.

2011 டிசம்பரையும் சொல்ல வேண்டும். அணை நீர்மட்டத் தகராறு முற்றி, பள்ளத்தாக்கே திரண்டு குமுளியை நோக்கி நடந்தது. நான் அப்போது கல்லூரி மாணவன். நடந்தேன், கத்தினேன், தொண்டை கட்டியது. 2014ல் உச்ச நீதிமன்றம் 142 அடியை உறுதி செய்தபோது பட்டாசும் வெடித்தேன். உரிமை நமதுதான், அதில் எனக்கு இன்றும் சந்தேகமில்லை. ஆனால் அந்த டிசம்பரில் அடிபட்டவர்கள் யார்? விடியற்காலை ஜீப்பில் அடைந்துகொண்டு இடுக்கி ஏலத் தோட்டங்களுக்கு வேலைக்குப் போகிற பெண்கள். தோட்டத்து லயங்களிலிருந்து துரத்தப்பட்டுக் காட்டு வழியாக இறங்கி வந்த கூலிகள். தங்களுக்குப் பங்கில்லாத தண்ணீருக்காகத் தங்கள் கூலியை இழந்தவர்கள். கோஷத்தில் 'நம் தண்ணீர்' என்று கத்தினோம். அந்த 'நம்'மில் அவர்களைச் சேர்த்துக்கொண்டோம். வாய்க்காலில் சேர்க்கவில்லை.

6

மூன்றாவது பதிலுக்குத்தான் கொஞ்சம் கனம் இருக்கிறது. ஓம்வெட் 1999ல் அருந்ததி ராய்க்குப் பகிரங்கக் கடிதம் எழுதினார். நர்மதை அணைக்கு எதிரான போராட்டம் வறட்சிப் பிரதேசத்து விவசாயிகளோடு பேசவே இல்லை. அணையே கூடாது என்பது தண்ணீரில்லாதவன் குரலாக இருக்க முடியாது என்று வாதாடினார். இடம் பெயர்ந்தவர்களுக்கு அவர் எதிரி என்று யாராவது சொன்னால் அது அறியாமை. கொய்னா அணைக்கு ஊரைக் கொடுத்தவர்களைத் திரட்டியவர்கள் அவருடைய தோழர்கள்தான். முழுகுகிறவனும் காய்கிறவனும் ஒரே மேடையில் நிற்க வழியுண்டா என்பதே அவர் தேடல்.

அணையால் உருவான பள்ளத்தாக்கில் பிறந்து, அணைத் தண்ணீரில் குளித்து, அணைச் சோற்றைத் தின்றுவிட்டு, 'அணைகள் நதியின் கல்லறை' என்கிற ரீதியில் கவிதை எழுதுவது எனக்குக் கொஞ்சம் கூச்சமாக இருக்கிறது. அதே சமயம் ஓம்வெட் அந்தக் கடிதத்தில் அவசரப்பட்டார் என்றும் நினைக்கிறேன். காய்கிறவன் பெயரைச் சொல்லி அணை கட்டுகிறவர்கள், கட்டி முடித்ததும் அவனைக் கடைசி வரிசைக்கு அனுப்பிவிடுவார்கள் என்பதற்கு நம் பள்ளத்தாக்கே சாட்சி. தண்ணீர் வந்து 125 வருஷத்துக்கு மேல் ஆயிற்று. பலிராஜாவில் பங்கீட்டை முன்வைத்து அணை கட்டினார்கள். பெரிய அணையில் அணையை முன்வைத்துப் பங்கீட்டைப் பின்னால் பார்க்கலாம் என்பார்கள். பின்னால் என்பது வராது.

சந்தை விஷயத்தில் எனக்கு அவரோடு நேரடியான சண்டை. சரத் ஜோஷியின் ஷேத்கரி சங்கட்டனாவை ஆதரித்தார். தொண்ணூறுகளில் தாராளமயத்தையும் வரவேற்றார். சர்க்கார் கட்டுப்பாடு என்பது மேல்சாதி அதிகார வர்க்கத்தின் கட்டுப்பாடு, அது தளர்ந்தால் கீழேயிருப்பவனுக்கு மூச்சுவிட இடம் கிடைக்கும் என்பது அவர் கணக்கு. கணக்கில் நியாயமில்லாமல் இல்லை. கவுன்டருக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறவனுக்கு அது தெரியும். ஆனால் 2019ல் ஏலக்காய் கிலோ 7,000 ரூபாய் வரை போயிற்று. போடியில் கார்கள் மாறின, வீடுகள் மாறின. ஜீப்பில் அடைந்து போகிற பெண்களின் கூலி அதோடு சேர்ந்து ஏறவில்லை. சந்தை சரக்கின் விலையை உயர்த்தும். சரக்கில் பங்கில்லாதவளை அது எப்படி உயர்த்தும்? தண்ணீருக்குப் பங்கு கேட்ட ஓம்வெட், சந்தைக்கும் அதே கேள்வியைக் கேட்டிருக்க வேண்டும். தண்ணீர் விஷயத்தில் அவர் எழுதியதை வைத்தே சந்தை விஷயத்தில் அவரை மறுக்கலாம். ஒருவரைப் படிப்பது என்றால் இப்படித்தான். நண்பர் மூன்றாமவர் செய்தது வேறு: அவருடைய தவறான பதிலைச் சாக்கு வைத்துக்கொண்டு அவருடைய சரியான கேள்வியிலிருந்து தப்பித்துக்கொண்டார்.

7

நான் கவிஞர்களைப் பிரசாரம் எழுதச் சொல்கிறேன் என்று இதற்குள் யாராவது பேனாவை எடுத்திருப்பார்கள். வேண்டாம். நிலச் சீர்திருத்தம் பற்றி எட்டுவரிக் கவிதை எழுதி யாரும் எனக்கு அனுப்ப வேண்டியதில்லை. நான் கேட்பது மிகவும் சின்ன விஷயம். 'ஆறு' என்று எழுதும்போது எழுதுகிறவன் எந்தக் கரையில் நிற்கிறான் என்று அவனுக்காவது தெரிந்திருக்க வேண்டும். வரப்பில் நின்று பார்க்கிறவனுக்கும், மடையில் குனிந்து நிற்கிறவனுக்கும், ஜீப்பில் ஆற்றுப் பாலத்தைத் தாண்டிப் போகிறவளுக்கும் ஆறு ஒன்றே இல்லை. இது சமூகவியல் உண்மை என்று தள்ளினால், கவிதையின் ஸ்தூலத்தையே தள்ளுகிறோம். நண்பரின் ஒன்பது கவிதைகளும் தோற்றது அங்கேதான். அவருக்கு மொழி கைவந்திருக்கிறது. அவருடைய ஆற்றில் இறங்கினால்தான் கால் நனையவில்லை.

மறுப்பு எழுதுகிறவர்கள் தாராளமாக எழுதலாம். ஆசிரியர் இடம் தருவார். ஒரே ஒரு வேண்டுகோள். எழுத உட்காரும் முன் உங்கள் ஊர் வாய்க்காலோடு ஒருமுறை கடைமடை வரைக்கும் நடந்து வாருங்கள். எந்தெந்த வயலுக்குப் பாய்கிறது, யார் பெயரில் பாய்கிறது, எந்தத் தெருவுக்கு முன்னால் நின்றுவிடுகிறது என்று பார்த்துவிட்டு, அப்புறம் எழுதுங்கள்.